படம் கழுவிய காலம்: ஒரு சொல்லும் ஒரு தொழிலும்

படச்சுருளைக் கடையிற் கொடுத்துக் கழுவி வாங்குதல் என்னும் வழக்கு, இன்றைய மாணவர்க்குப் புதிதாயினும் அவர்தம் பெற்றோர்க்குப் புதிதன்று. தமிழகத்திலும் மலேசியாவிலும் படத்தைக் ‘கழுவுவது’ என்றே மக்கள் கூறினர். மலாய் மொழியிலும் ‘சூச்சி காம்பார்’ என்பதே வழக்கு; ‘சூச்சி’ என்பது துணியையும் பாத்திரத்தையும் கழுவுதற்குரிய அதே வினை. சீனர் வழக்கும் அவ்வாறே அமைந்துள்ளது. ஜித்ராவின் கடைத்தெருவில் ஒரே நாளிற் செவிப்படக்கூடிய இம்மூன்று மொழிகளும், ஒரு வேதியியற்செயலை நீரால் தூய்மை செய்யும் செயலாகவே கண்டிருக்கின்றன. ஒன்றிடமிருந்து மற்றொன்று கடன்பெற்றது என்று கொள்வதற்கு வலுவான காரணம் இல்லை. மலாய் வழங்காத தமிழகச் சிற்றூர்களிலும் ‘கழுவுதல்’ வழங்கியது. ஈரம் சொட்டத் தொங்கும் சுருளைக் கண்ட எவரும், எம்மொழியினராயினும், அப்பெயரையே இட்டிருப்பர்.

ஐரோப்பிய மொழிகள் வேறு வழியிற் சென்றன. ஆங்கிலத்தின் ‘டெவலப்’ என்பது பிரெஞ்சு வழி வந்தது. சுற்றியிருப்பதை அவிழ்த்துக் காட்டுதல் என்பது அதன் பழம்பொருள். உள்ளே ஏதோ ஒன்று ஏற்கெனவே இருக்கிறது, அதனை வெளிக்கொணர வேண்டும் என்னும் கருத்து அச்சொல்லில் உறைகின்றது. இக்கருத்து அறிவியலுக்குப் பொருத்தமானதே. 1840ஆம் ஆண்டில் வில்லியம் ஃபாக்சு டால்பட்டு கண்டறிந்ததும் இதுதான். ஒளிபட்ட தாளில் கண்ணுக்குப் புலனாகாத உருவம் ஒன்று பதிந்துள்ளது. தக்க கரைசல் அதனைப் புலப்படுத்தும். தொல்காப்பியம் பயின்ற மாணவர்க்கு இதனை விளக்குவது எளிது. சொல்லாமற் சொல்லும் உவமத்துக்கு ‘உள்ளுறை’ என்று பெயர் வைத்த மரபு நம்முடையது. ஒளிபட்டும் வெளிப்படாத இவ்வுருவத்தையும் உள்ளுறை உருவம் எனலாம்.

நாம் இவ்வுரையில் ஆராய விழைவது, சென்னை, சேலம் ஆகிய நகரங்களின் படப்பிடிப்பு நிலையங்கள் கோலோச்சிய காலத்தில் திரைப்படச் சுருள் எவ்வாறு கழுவப்பட்டது என்பதாகும். நடிகர், பாடகர், இயக்குநர் ஆகியோரின் வரலாறு நிரம்ப எழுதப்பட்டுவிட்டது. அவர்களுடைய உருவைத் துலக்கித் தந்த இருட்டறைத் தொழிலாளரின் வரலாறு அவ்வாறு எழுதப்படவில்லை. கெடாவின் ரப்பர்த் தோட்டங்களில் வெள்ளைத் துணி கட்டிப் பார்க்கப்பட்ட ஒவ்வொரு தமிழ்ப் படமும் அவர்கள் கைவழி வந்ததே.

தொழிலின் அடிப்படைப் பொருளிலிருந்து தொடங்குவோம். படச்சுருள் என்பது செல்லுலாய்டு என்னும் ஒளி ஊடுருவும் நாடா. அதன் ஒரு பக்கத்தில் ஜெலட்டினும் வெள்ளி உப்புத் துகள்களும் கலந்த மெல்லிய பூச்சு இருக்கும். இப்பூச்சினைத் தமிழ்ப் பாடநூல்கள் ‘பால்மம்’ எனக் குறிக்கின்றன. ரப்பர் மரத்தின் பாலும் ஒரு பால்மமே. தோட்ட மக்கள் பால் ஸ்டோர் என்றழைத்த தொழிற்கூடத்தில், பாலுடன் அளவறிந்து அமிலம் கலந்து, உறையவிட்டு, உருளையிற் கொடுத்துத் தகடாக்கி, கழிகளில் வரிசையாகத் தொங்கவிட்டுப் புகையில் உலர்த்துவர். அமிலம் மிகினும் குறையினும் தகடு கெடும். உலர்த்துவதிற் பிழை நேர்ந்தால் பூஞ்சை பிடிக்கும். படச்சுருள் கழுவும் கூடத்தின் ஒழுங்கும் ஏறக்குறைய இத்தகையதே. தோட்டத்துப் பின்புலமுள்ள மாணவர்க்கு இவ்வொப்புமையை முதலில் கூறிவிட்டால், பின்வருவன எளிதில் விளங்கும்.

படப்பிடிப்பு முடிந்ததும், ஒளிபட்ட சுருள் இருளிலேயே தகரப் பெட்டியில் இடப்பட்டு, ஓரம் ஒட்டப்பட்டு, குறிப்புத் தாளுடன் கழுவுகூடத்துக்குச் செல்லும். 1,000 அடிச் சுருளில் அடங்குவது ஏறத்தாழ 11 நிமிடக் காட்சி. எதிர்ச்சுருள், அதாவது மக்கள் ‘நெகட்டிவ்’ எனக் கூறுவது, எல்லா நிறங்களையும் உணரும் தன்மை பெற்றபின் எவ்வகை விளக்கும் ஏற்ற இயலாதாயிற்று. முழு இருளில், விரல் நுனியின் உணர்வொன்றையே துணையாகக் கொண்டு அத்தொழிலாளர் பணியாற்றினர். திரையரங்குக்குச் செல்லும் படிச்சுருளோ நீல ஒளியை மட்டும் உணர்வது. அதனைச் செவ்விளக்கின் கீழ்க் கையாளலாம். திரைப்படங்களிற் காட்டப்படும் செவ்விளக்கு இருட்டறை உண்மையில் இப்பிற்பணிக்கு உரியது.

தொடக்கக் காலத்தில் சுருளை மரச்சட்டங்களிற் சுற்றித் தொட்டிகளில் அமிழ்த்தினர். ஒரு சட்டம் ஏறத்தாழ 200 அடி கொள்ளும். முதல் தொட்டியில் துலக்கும் கரைசல், அடுத்து நீர், அதன்பின் ஹைப்போ எனப்படும் சோடியம் தயோசல்பேட்டு, இறுதியில் நெடுநேரம் ஓடும் நீர். பின்னர்ச் சுருளைப் பெரிய மர உருளைகளிற் சுற்றிச் சுழலவிட்டு உலர்த்தினர். துலக்கும் கரைசலில் மெட்டால், ஹைட்ரோகுவினோன் என்னும் இருபொருள்கள் முதன்மையானவை. ஒளிபட்ட துகளில் அமைந்த வெள்ளி அணுக்கள் விரல்விட்டு எண்ணத்தக்க அளவினவே. துலக்கி அத்துகள் முழுவதையும் கருமையான வெள்ளியாக மாற்றிவிடும்; இப்பெருக்கம் நூறு கோடி மடங்கு வரை செல்லும். ஒளிபடாத துகள்கள் அப்படியே இருக்கும். அவற்றைக் கரைத்து நீக்குவது ஹைப்போ. 1839இல் இதனைப் பரிந்துரைத்தவர் ஜான் எர்செல். வானியலறிஞராகிய அவரே ‘நெகட்டிவ்’, ‘பாசிட்டிவ்’ என்னும் சொற்களை ஒளிப்படத்துறைக்குத் தந்தவர். ஒரு துறையின் வேதியியலையும் சொல்வளத்தையும் ஒருவரே அமைத்துத் தருவது அரிது.

இம்முறைகள் யாவும் குளிர்நாடுகளில் உருவானவை. கரைசலின் வெப்பம் 68 பாரன்ஹீட்டு, அதாவது 20 செல்சியசு இருத்தல் வேண்டும் என்பது அவர்களது நூல்விதி. சென்னையின் கோடையில் குழாய்நீரே அதனைவிடப் பெரிதும் வெம்மையானது. வெப்பநீரில் ஜெலட்டின் ஊதும், இளகும், முடிவில் நாடாவினின்று நழுவும். தமிழ்த் திரைப்பட வரலாற்றின் தொடக்கத்திலேயே இவ்விடர் வந்துற்றது. 1910களின் பிற்பகுதியில் ‘கீசக வதம்’ என்னும் ஊமைப்படத்தைச் சென்னையில் எடுத்த ஆர். நடராஜ முதலியார், தம் கழுவுகூடத்தைப் பெங்களூரில் அமைத்தார். படம் பிடிக்கும் ஊர் ஒன்று, கழுவும் ஊர் மற்றொன்று. இரண்டுக்கும் நடுவே இரயிற் பயணம். தென்னிந்தியாவின் முதற் கதைப்படம் எங்கே எடுக்கப்பட்டது என்னும் வினாவுக்கு விடையளிப்போர் பெங்களூரின் குளிர்ந்த நீரை மறந்துவிடுகின்றனர்.

பனிக்கட்டி, குளிரூட்டும் கருவி ஆகியன பின்னர் உதவின. வேதியியலும் உதவிற்று. கரைசலில் சோடியம் சல்பேட்டைச் சேர்த்தால் ஜெலட்டின் ஊதுவது குறையும். குரோம் படிகாரம் அதனை இறுகச் செய்யும். வெப்பமண்டலக் கழுவுநர் இவ்விரண்டையும் நன்கறிந்தனர்.

தமிழில் பேசும் படம் 1931இல் வந்தது. எச். எம். ரெட்டி இயக்கிய ‘காளிதாஸ்’ பம்பாயில், அர்தேசிர் இரானியின் இம்பீரியல் நிலையத்தில் எடுக்கப்பட்டு, அவ்வாண்டு அக்டோபர் 31 அன்று சென்னைக்கு வந்தது. சென்னையிலேயே ஒலிப்பதிவு நிலையம் அமைந்தது 1934இல், அமைத்தவர் ஏ. நாராயணன். அவர்தம் துணைவியார் மீனாட்சி அந்நிலையத்தின் ஒலிப்பதிவாளராகப் பணியாற்றினார். அக்காலத்தில் ஒரு பெண்மணி அப்பொறுப்பில் இருந்தது தனியே ஆராயத்தக்கது. நம் மாணவியர் எவரேனும் அதனை மேற்கொண்டால் மகிழ்வோம். பின்னர்ச் சேலத்தில் டி. ஆர். சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ், சென்னையில் எஸ். எஸ். வாசனின் ஜெமினி, முதலிற் காரைக்குடியிலும் 1948 முதல் கோடம்பாக்கத்திலும் ஏவி. மெய்யப்பரின் ஏவிஎம் எனப் பெருநிலையங்கள் எழுந்தன. நடிகர்க்குத் திங்கள் ஊதியம், தச்சர்க்கு ஒரு கொட்டகை, கழுவுகூடத்துக்கு ஒரு கட்டடம் என எல்லாம் ஒரே மதிலுக்குள் அமைவது அக்காலத்து இலக்கணம்.

ஒலியின் வருகை கழுவுகூடத்தை முற்றும் மாற்றிற்று. ஊமைப்படக் காலத்தில் தொட்டியருகே நின்ற தொழிலாளர், சுருளைத் தூக்கிப் பார்த்து ‘இன்னும் சற்று’ என்று தீர்மானிக்கலாம், கண்ணே அளவுகோல். ஒலி அவ்வாறு கண்ணுக்கு அடங்குவதன்று. அது சுருளின் ஓரத்தில் ஒடுங்கிய கோடாகப் பதிவாகும். சில முறைகளில் கோட்டின் கருமை மாறும். சில முறைகளில் அகலம் மாறும். கழுவும்பொழுது கருமை சிறிது பிறழ்ந்தாலும் குரல் கரகரக்கும், மெல்லினமும் வல்லினமும் மயங்கும். இதனை மொழியியலார் என்ற முறையில் அழுத்திக் கூற விரும்புகிறோம். பழைய பேசும்படங்களின் உரையாடல் தெளிவற்றுக் கேட்பதற்கு நடிகரின் ஒலிப்பே காரணம் என்று சிலர் எழுதிவிடுகின்றனர். ஒலிச்சுருளின் கழுவுநேரமும் படியெடுப்பும் அக்குறையில் பங்குடையன. அச்சான்றுகளைக் கொண்டு 1930களின் தமிழ் ஒலிப்பை ஆராய முற்படுவோர் இதனை மறத்தலாகாது.

எனவே மரச்சட்டம் மறைந்து பொறி வந்தது. சுருள்கள் ஒன்றன்பின் ஒன்றாக இணைக்கப்பட்டு, உருளைகளின்மேல் ஏறியிறங்கி, தொட்டிகளையெல்லாம் ஒரே வேகத்திற் கடந்து, உலர்ந்து மறுமுனையில் வெளிவரும். வேகமே நேரத்தை அறுதியிடும். எவ்வளவு ஒளிக்கு எவ்வளவு கருமை என்னும் வீதத்தை ‘காமா’ என்னும் கிரேக்க எழுத்தாற் குறித்தனர். அதன் அடிப்படை 1890இல் இங்கிலாந்தில் அர்ட்டர், டிரிஃபீல்டு என்னும் இருவர் வெளியிட்ட ஆய்வு. எதிர்ச்சுருளுக்கு 0.65 அளவில் இருத்தல் நன்று என்பது பொது வழக்கு. நாள்தோறும் முதலில் ஓர் அளவுத்துண்டைக் கழுவி, கருமையை அளந்து, கரைசல் தகுதியுடையதென உறுதிசெய்த பின்னரே படச்சுருளைப் பொறியிற் செலுத்தினர். மின்சாரம் நின்றால் பொறி நிற்கும். துலக்கியில் அமிழ்ந்துள்ள பகுதி கருகும். பல நூறு பேர் உழைத்த ஒருநாட் காட்சி அவ்வாறு அழியக்கூடும். படத்தின் பெயர்ப்பட்டியலில் கழுவுகூடத்தின் தலைமைப் பொறுப்பாளர்க்குத் தனிவரி தரப்பட்டது வெறும் மரியாதைக்காக அன்று.

கழுவிய எதிர்ச்சுருளை யாரும் ஓட்டிப் பார்ப்பதில்லை, கீறல் விழும். அதிலிருந்து விரைந்தெடுத்த ஒரு படியையே இயக்குநர் பார்ப்பார், தொகுப்பாளர் வெட்டுவார். இதற்கு ‘ரஷ்’ என்று பெயர். தொகுப்பு முடிந்தபின், படியின் ஓரத்திலுள்ள எண்களை எதிர்ச்சுருளின் எண்களோடு ஒப்பிட்டு, கையுறை அணிந்து எதிர்ச்சுருளை வெட்டி ஒட்டுவர். தவறாக வெட்டியதை மீட்க இயலாது. அடுத்து, ஒவ்வொரு காட்சிக்கும் எவ்வளவு ஒளி செலுத்திப் படியெடுப்பது என்பதைத் தேர்ந்த ஒருவர் கண்ணளவாலேயே குறித்துக் கொடுப்பார். பகலில் எடுத்ததும் மாலையில் எடுத்ததும் திரையில் ஒரே பொழுதாகத் தோன்றுவது அவர் திறமையால்தான். இறுதியில் படமும் ஒலியும் ஒரே சுருளிற் சேரும். ஒலி, தனக்குரிய படத்துக்கு 20 சட்டங்கள் முன்னதாகப் பதியப்படும். ஒளியெறி கருவியில் ஒலியைப் படிக்கும் பகுதி, படத்துக்குரிய சாளரத்தைத் தாண்டி அமைந்திருப்பதே காரணம்.

அளவை நோக்குவோம். மூன்று மணிநேரத் தமிழ்ப் படம் ஒன்று 16,000 அடிக்குச் சற்று மிகும். ஏறத்தாழ 5 கிலோமீட்டர். அதில் தனித்தனிப் படங்கள் இரண்டரை இலட்சத்துக்கும் மேல். நான்கு படிகளை முனையொட்டி நீட்டினால் ஜித்ராவிலிருந்து அலோர் ஸ்டாரை எட்டிவிடும். 1948இல் வாசன் வெளியிட்ட ‘சந்திரலேகா’வுக்குத் தமிழிலும் இந்தியிலுமாக அறுநூற்றுக்கும் மேற்பட்ட படிகள் எடுக்கப்பட்டன என்பர். அத்தனை நெடுமையும் துலக்கி, ஹைப்போ, நீர் என்னும் மூன்றையும் கடந்தாக வேண்டும். சென்னையின் நீர்த்தட்டுப்பாட்டை அறிந்தோர்க்கு இதன் பொருள் விளங்கும்.

நீர்தான் இத்தொழிலின் மறைபொருள். ஹைப்போ தன் பணியை முடித்தபின் ஜெலட்டினில் எஞ்சியிருந்தால், நாளடைவில் வெள்ளியைத் தாக்கி உருவை மஞ்சளாக்கி மங்கச் செய்யும். எனவே சுருளினின்று சொட்டும் நீரைப் பொட்டாசியம் பெர்மாங்கனேட்டுக் கரைசலில் விட்டுச் சோதித்தனர். ஊதா நிறம் மாறினால் ஹைப்போ எஞ்சியுள்ளது. மாறாவிடில் கழுவியது போதும். ஆதலின் மக்கள் வழங்கிய ‘கழுவுதல்’ என்னும் பெயர் வேதியியலறியாதார் கூற்று என்று ஒதுக்கத்தக்கதன்று. உருவை வெளிக்கொணர்வது துலக்கி; பல்லாண்டு வாழவைப்பது கழுவுதல். ஐரோப்பியச் சொல் முதலாவதைப் பற்றியது, நம் சொல் இறுதியானதை.

போர்க்காலம் இத்தொழிலை நெருக்கிற்று. படச்சுருள் முழுவதும் வெளிநாட்டு இறக்குமதி. இரண்டாம் உலகப்போரின்போது பிரித்தானிய இந்திய அரசு ஒரு படத்தின் நீளத்தை 11,000 அடிக்குக் கட்டுப்படுத்திற்று. ஐம்பது பாடல்கள் கொண்ட படங்கள் மறைந்து, கதை இறுகியதற்கு ரசனை மாற்றத்தை மட்டும் காரணமாகக் கூறுவது முழுமையாகாது. இந்தியாவிலேயே சுருள் செய்யும் முயற்சி உதகமண்டலத்தில், இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் என்னும் அரசு நிறுவனமாக 1960இல் தொடங்கிற்று. தூசியற்ற காற்றும் குளிர்ச்சியும் கருதியே மலையூர் தேரப்பட்டது. நடராஜ முதலியார் பெங்களூரை நாடிய அதே காரணம்.

மலாயாவுக்குத் தமிழ்ப் படங்கள் கடல்வழி வந்தன. நாகப்பட்டினத்தையும் சென்னையையும் பினாங்கோடு இணைத்த கப்பல்களே மக்களையும் இதழ்களையும் படப்பெட்டிகளையும் சுமந்தன. இங்கு வந்த படி ஊர் ஊராகச் சுழன்று, கீறலுற்று, அறுந்த இடங்களில் ஒட்டப்பட்டு, தோட்டத்துத் திடலை வந்தடையும்பொழுது மழை பெய்வதுபோற் கோடுகள் விழும். அது கழுவியவர் குற்றமன்று. இந்நாட்டிலும் இத்தொழில் வேரூன்றிற்று. 1946இல் தோன்றிய மலாயாத் திரைப்படப் பிரிவு செய்திப்படங்களைப் பல மொழிகளில், தமிழுட்பட, வழங்கிற்று. சிங்கப்பூரில் ஷா நிறுவனத்தாரின் ஜாலான் அம்பாஸ் நிலையம் 1947 முதல் 1967 வரை மலாய்ப் படங்களை உருவாக்கிற்று. பி. எஸ். ராஜன்ஸ், எல். கிருஷ்ணன், எஸ். ராமநாதன், பணி மஜும்தார் முதலிய இந்திய இயக்குநர் பலர் அங்குப் பணியாற்றினர். பி. ராம்லியின் தொடக்கக்காலப் படங்களிற் காணும் ஒளியும் நிழலும் பம்பாய், சென்னைப் படங்களை நினைவூட்டுவது தற்செயலன்று.

வண்ணம் வந்தபொழுது கழுவுகூடத்தின் பழைய நெகிழ்வும் மறைந்தது. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘அலிபாபாவும் நாற்பது திருடர்களும்’. 1956இல், பெல்ஜிய நாட்டுக் கேவா வண்ணச்சுருளில் எடுக்கப்பட்டது. ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ 1959இல் டெக்னிக்கலர் முறையில் வெளிவந்தது. அதற்கு இலண்டன் கூடத்தை நாட வேண்டியிருந்தது. வெள்ளையரை எதிர்த்த பாளையக்காரரின் உருவம் வெள்ளையர் தலைநகரிலேயே துலக்கப்பட்டதை வரலாற்றின் குறும்பு எனலாம். 1964இல் ‘காதலிக்க நேரமில்லை’ போன்ற படங்கள் ஈஸ்ட்மன் வண்ணத்தில் வந்தன. வண்ணச்சுருளில் வெள்ளி இறுதியில் முற்றும் நீக்கப்பட்டுச் சாயமே எஞ்சுகிறது. அச்சாயம் விரைவில் மங்கி, படம் முழுதும் செந்நிறம் பூசியதுபோல் ஆகிவிடும். நன்கு கழுவிய கருப்பு வெள்ளைப் படம் அதன் பிள்ளையைவிட நெடுநாள் வாழ்வது இதனாலேயே.

சொற்களைப் பற்றி ஆசிரியர்க்கு ஒரு குறிப்பு. பாடநூல்களில் ‘உருத்துலக்கல்’ என்னும் ஆக்கச்சொல் உள்ளது. அதனை நாம் வரவேற்கிறோம். பித்தளைப் பாத்திரத்தைத் துலக்குதல் என்பது வீட்டுவழக்கு. மறைந்த பொலிவை வெளிப்படுத்துவதே அங்கும் பொருள். மக்கள் கண்ட ‘கழுவுதல்’, அறிஞர் கண்ட ‘துலக்கல்’ ஆகிய இரண்டும் ஒரே அடுக்களையிலிருந்து வந்தவை. தேர்வுத்தாளில் ‘படம் கழுவினர்’ என்று எழுதும் மாணவனின் மதிப்பெண்ணைக் குறைக்க வேண்டுவதில்லை. முழுச்செயலுக்குக் கழுவுதல் என்பதையும், முதற்படிக்குத் துலக்கல் என்பதையும் பகுத்து வழங்கினால் இரண்டும் பயன்படும்.

இனி எஞ்சியிருப்பவை எவை என்பது. 1950களின் தொடக்கம் வரை சுருள்கள் நைட்ரேட்டு வகையின. தீப்பற்றினால் நீருக்குள்ளும் எரியக்கூடியவை. அதன்பின் வந்த அசிட்டேட்டுச் சுருள் எளிதில் எரிவதில்லை. எனினும் வெம்மையும் ஈரமும் மிகுந்த நம்மனைய நாடுகளிற் காடிநெடி வீசிச் சுருங்கி அழிகிறது. ஓட்டம் முடிந்த படிகளை வெள்ளிக்காக விற்றதும் உண்டு. துலக்கித் தந்த வெள்ளியையே மீண்டும் கரைத்தெடுத்தனர். ‘கீசக வதம்’ இன்றில்லை, ‘காளிதாஸ்’ இன்றில்லை. தென்னிந்தியாவில் எடுக்கப்பட்ட ஊமைப்படங்களில் நமக்கு எஞ்சியிருப்பது ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றே. மூலநாவலின் பதிப்புரிமை பெற்றிருந்த நூல்வெளியீட்டாளர் வழக்குத் தொடுத்து, திரையிடலை நிறுத்தி, அதன் சுருள்களைத் தம்மிடமே வைத்துக்கொண்டார். பல்லாண்டுகள் புத்தகக் கிடங்கில் கிடந்த அச்சுருள்களைப் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1970களிற் பெற்றது. திரையிடாததால் கீறலும், விற்காததால் வெள்ளியிழப்பும் இன்றி அவை தப்பின.